பேண்டு வாத்தியக் குழுச் சங்கம், சென்னை: செயலாளரின் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

இந்த ஆண்டுப் போட்டிகளில் வாசிப்பில் குறையில்லை; மதிப்பெண் போனதெல்லாம் காலில்தான். வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். நான் பயிற்சிக்கு வருகிறேன்.

நடை நிமிடத்துக்கு 120 காலடி, ஒரு காலடிக்கு 30 அங்குலம். புதியவர்களுக்கு முதல் மாதம் வாத்தியம் தரவில்லை. மைதானத்தில் 30 அங்குலத்துக்கு ஒரு சுண்ணாம்புக் கோடு. ஒரே ஒரு சைடு டிரம்முக்கு நடை. குதிகால் முதலில் பதிந்து, பாதம் உருண்டு விரலில் முடிய வேண்டும். பாதம் தொப்பென்று விழுந்தால் அதிர்ச்சி உதடுவரை ஏறி, டிரம்பெட்டின் நீண்ட ஸ்வரம் நடுங்கும்.

வரிசை உடைவது திருப்பத்தில். ஐந்து பேர், ஒன்றரை மீட்டர் இடைவெளி என்றால், கால்வட்டம் திரும்ப வெளிக்கோடிக்காரருக்கு ஏறக்குறைய 12 காலடி தேவை. அத்தனை காலடிக்கும் உள்கோடிக்காரர் மார்க் டைம் (நின்ற இடத்திலேயே கால் மாற்றி மிதிப்பது) போட்டபடியே கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்ப வேண்டும். அவர் அவசரப்பட்டு இரண்டடி முன்னே வைத்தால் வெளியே இருப்பவர் ஓட வேண்டியதுதான். ஓடிக்கொண்டே யூஃபோனியம் என்ற பெரிய பித்தளை வாத்தியத்தை ஊத யாராலும் முடியாது.

டிரம் பிந்துகிறது என்ற புகாருக்கு டிரம்மர்கள் காரணமில்லை. டிரம் வரிசை 16 மீட்டர் பின்னால் இருந்தால், ஒலி முன்வரிசையை எட்ட நொடியில் இருபதில் ஒரு பங்கு ஆகும். முன்வரிசை, குழுவை முன்னின்று நடத்தும் டிரம் மேஜரின் மேஸை (கைத்தடியை) பார்த்து ஊதினால், எதிரே அமர்ந்திருக்கும் நடுவருக்கு டிரம் பிந்தித்தான் கேட்கும். காதில் விழும் டிரம்முக்கு ஊதினால் இரண்டும் சேர்ந்தே அவரிடம் போகும். டிரம் மேஜர் கோபித்துக்கொள்ள வேண்டாம்: தொடக்கமும் நிறுத்தமும் மேஸுக்கு, நடுவில் காதுக்கு.

வெயிலில் வாத்தியம் சூடேறினால் சுருதி ஏறும். கொட்டகை நிழலில் டியூன் செய்தது மைதானத்தில் நிற்காது. பத்து நிமிடம் வெளியே ஊதிச் சூடாக்கி, பிறகு ஸ்லைடை (சுருதி கூட்டக் குறைக்க நகர்த்தும் குழாயை) இழுத்துச் சரிபார்ப்பதே சரி.

அக்டோபர் முதல் டிசம்பர் வரை மழை. ஜனவரியில் குடியரசு தின அணிவகுப்பு. ஆகவே மழை நாட்களில் கொட்டகைக்குள் மார்க் டைமிலேயே முழு உருப்படியையும் வாசிக்க வேண்டும். தோல் கட்டிய பழைய டிரம்கள் ஈரத்தில் தளர்ந்துவிடுவதால் பிளாஸ்டிக் தலையுள்ளவற்றை மட்டும் எடுக்கவும்.

கடற்கரைப் பயிற்சி முடிந்த அன்றே வாத்தியத்துக்குள் தேங்கிய தண்ணீரை இறக்கி, உப்பைத் துடைத்து, வால்வுக்கு எண்ணெய் விட்டபின் பெட்டியை மூடவும். இறுகிய ஸ்லைடைக் குறடு போட்டு இழுக்க வேண்டாம். இந்த ஆண்டு இரண்டு குழாய்கள் அப்படித்தான் நசுங்கின.

இங்ஙனம்,
செயலாளர்