வெள்ளகவி இறக்கம்

கொடைக்கானல்,
ஞாயிறு மாலை

அன்பு மாப்ளே,

உன் கடிதம் கிடைத்தது. மகளுக்கு வேலை அமைந்ததில் வீட்டில் எல்லோருக்கும் சந்தோஷம்.

என் தூக்கத்தைப் பற்றி விசாரித்திருந்தாய். அம்மா போன பிறகு ராத்திரி இரண்டு மணிக்கெல்லாம் முழிப்பு வந்துவிடும். நாலு நாள் முன்னாடியே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போயிருக்கலாமோ என்று அதே நினைப்பு சுற்றிச் சுற்றி வரும். ஏரியைச் சுற்றி நடந்து பார்த்தேன், ஒரு சுற்று ஐந்து கிலோமீட்டர். தார் ரோடு, ஹாரன் சத்தம். நினைப்பும் கூடவே நடந்து வந்தது.

போன மாதம் வட்டக்கானலிலிருந்து காட்டு வழியாக வெள்ளகவி என்கிற மலைக்கிராமத்துக்கு இறங்கினேன். மழை ஓய்ந்த மறுநாள். வேர்கள் படிக்கட்டு மாதிரி குறுக்கே கிடந்தன. இந்தக் கல் ஆடுமா, அந்த வேர் வழுக்குமா என்று ஒவ்வொரு அடியும் பார்த்துத்தான் வைக்க வேண்டும். வெள்ளகவிக்குள் செருப்போடு போகக் கூடாது, அங்கே அது வழக்கம். கழற்றினேன். குளிர்ந்த மண் உள்ளங்காலில் பட்டபோதுதான், இவ்வளவு நேரம் ஆஸ்பத்திரி ஞாபகமே வரவில்லை என்பது உறைத்தது. மனசு ஒரு மாதிரி ஆகிவிட்டது, அம்மாவை மறந்துவிட்டேனோ என்று. அப்புறம் ஒரு திண்ணையில் கடுங்காப்பி குடிக்கும்போது வந்தாள், ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் பீன்ஸை ஒடித்துப் பார்த்து வாங்கும் அம்மாவாக.

2015-இல் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்து ஆராய்ச்சியில் சிலரை 90 நிமிடம் நடக்கவிட்டார்கள். பாதிப் பேர் மரமும் புல்லும் உள்ள இடத்தில், மீதிப் பேர் வண்டி ஓடும் ரோட்டோரம். மரங்களுக்கு நடுவே நடந்தவர்களுக்குத்தான் தன்னையே நொந்துகொள்ளும் நினைப்பு குறைந்ததாம். படித்தபோது எனக்கு அழுகை வந்தது.

திரும்பி ஏறியதில் மூச்சு வாங்கியது, அவ்வளவுதான். இறங்கியதற்குத்தான் மூன்று நாள் தொடையைத் தொட முடியவில்லை. இறங்கும்போது தொடைத்தசை நீண்டுகொண்டே பாரம் தாங்குகிறது, வலி மறுநாளுக்கு மேல்தான் தெரியும். அடுத்த வாரம் மறுபடி போனேன், பாதி வலிகூட இல்லை. இப்போது விடிய ஐந்து மணிவரை தூங்குகிறேன்.

உன் சர்க்கரைக்கும் இது நல்லது. வேலை செய்கிற தசை இன்சுலினுக்குக் காத்திராமலே ரத்தத்திலிருந்து சர்க்கரையை இழுத்துக்கொள்ளும். மதுரை வெயிலில் எங்கே நடப்பது என்கிறாய். அழகர்கோவிலிலிருந்து பழமுதிர்சோலைக்கு விடியற்காலையில் நடந்தே ஏறேன். கையில் தின்பண்டம் வேண்டாம், குரங்கு விடாது. மாத்திரை போடுகிறாய் என்றால் டாக்டரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள், சர்க்கரை திடீரென்று இறங்கினால் வாயில் போட்டுக்கொள்ளப் பையில் நாலு மிட்டாய் இருக்கட்டும்.

ஒரு மாதம் அப்படி ஏறிவிட்டு இங்கே வா. வெள்ளகவிக்குச் சேர்ந்து இறங்குவோம். பிடிமானமுள்ள ஷூ வாங்கிக்கொள். தங்கச்சியையும் கூட்டிக்கொண்டு வா.

அன்புடன்,
உன் பழைய பெஞ்சுக்காரன்