45 நாளும் ஐந்து ஆண்டும்: ஊராட்சித் தேர்தல் வழக்குகள் குறித்து ஒரு திறந்த மடல்

மாண்பமை சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி அவர்களுக்கு, பாலக்கோடு வட்டத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து வணக்கத்துடன் எழுதிக்கொள்வது.

தருமபுரி மாவட்டத்தில் 251 ஊராட்சிகளும் கிருஷ்ணகிரியில் 333 ஊராட்சிகளும் உள்ளன. நிலத்தடி நீரின் ஃபுளோரைடால் பல் கறைபட்டு, எலும்பு வளைந்து, தலைமுறைகளாய்த் துன்பப்பட்ட பகுதி இது. ஒகேனக்கல் குடிநீர் எங்கள் தெருவுக்கு ஏன் வரவில்லை, மேல்நிலைத் தொட்டியை எப்போது கழுவுவார்கள் என்று விடிந்ததும் போய்க் கேட்க எங்களுக்குள்ள வாசல் ஊராட்சித் தலைவர் வீட்டு வாசல்தான். அந்தப் பதவி யாருக்கு என்ற வழக்கு இழுத்துக்கொண்டே போனால், அதன் பாரம் ஊர் முழுவதன் மீதும் விழுகிறது.

2020 ஜனவரி 2 அன்று வாக்கு எண்ணிக்கையின்போது, தலைவர் பதவிக்குப் போட்டியிட்ட என் அண்ணிக்கு நான் முகவராக இருந்தேன். நான்கு நிறச் சீட்டுகளையும் பிரித்து, தலைவருக்கான இளஞ்சிவப்புச் சீட்டுகளை எண்ணி முடித்தபோது நள்ளிரவு தாண்டிவிட்டது. அண்ணி 7 வாக்குகளில் பின்தங்கியிருந்தார். செல்லாதவை என்று ஒதுக்கிய சீட்டுகளில் சிலவற்றை நான் அருகிலிருந்து பார்த்தேன். முத்திரை அவருடைய சின்னத்தின் மீதுதான் தெளிவாக விழுந்திருந்தது. மை காய்வதற்குள் சீட்டை மடித்ததால் அதன் தடம் வேறொரு சின்னத்தின் மீதும் மங்கலாக ஒட்டியிருந்தது. குத்திய முத்திரைக்கும் ஒட்டிய தடத்துக்கும் வேறுபாடு உண்டு; ஒட்டியது கண்ணாடியில் தெரிவதுபோல் இடவலம் மாறியிருக்கும். மறு எண்ணிக்கை கேட்டு எழுதிக் கொடுத்தோம், ஏற்கப்படவில்லை.

அரசமைப்புச் சட்டத்தின் 243-ஓ பிரிவின்படி, ஊராட்சித் தேர்தலைத் தேர்தல் மனு வழியாக மட்டுமே எதிர்த்துக் கேட்க முடியும். 1994ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், பிரிவு 258, முடிவு வெளியான 45 நாட்களுக்குள் மாவட்ட நீதிபதியிடம் அம்மனுவைத் தர வேண்டும் என்கிறது. நாங்கள் போய்ப் பார்த்த வழக்கறிஞர்கள் இருவரும், வாய்தா மேல் வாய்தாவாகப் போய், தீர்ப்பு வருவதற்குள் பதவிக்காலமே முடிந்துவிடும் என்றார்கள். ஆட்டை விற்றுச் செலவு செய்யத் தயாராக இருந்த அண்ணி அதைக் கேட்டதும் பேசாமல் எழுந்து வந்துவிட்டார். 45 நாளும் கடந்துவிட்டது. வென்றவருக்கும் இதில் நிம்மதி இல்லை என்பதைச் சொல்லியாக வேண்டும். எந்தத் தவறும் செய்யாத அந்த மனிதர், ஐந்தாண்டும் கிராம சபைக்குக் கிராம சபை அந்த 7 வாக்குப் பேச்சைக் கேட்டுக்கொண்டே இருந்தார்.

அரியானாவின் பானிப்பட் மாவட்டத்தில் 2022 நவம்பரில் நடந்த ஊராட்சித் தலைவர் தேர்தல் ஒன்றில், உச்ச நீதிமன்றமே வாக்குப்பதிவு இயந்திரங்களை வரவழைத்துத் தன் வளாகத்தில் மறு எண்ணிக்கை நடத்தி, தோற்றவராக அறிவிக்கப்பட்டவர்தான் 51 வாக்குகளில் வென்றவர் என்று 2025 ஆகஸ்டில் முடிவு கண்டது. அந்தச் செய்தியைப் படித்தபோது கண் கலங்கினேன். ஆனாலும், ஐந்தாண்டுப் பதவியில் பாதிக்கு மேல் அதற்குள் கழிந்துவிட்டது.

தேர்தலையே முன்கூட்டி நிறுத்துவது வேறு. 2016 அக்டோபரில் இடஒதுக்கீடு தொடர்பான வழக்கில் உயர் நீதிமன்றம் தேர்தல் அறிவிக்கைகளை ரத்து செய்து, டிசம்பருக்குள் தேர்தலை நடத்தச் சொன்னது. அந்தத் தேர்தல் நடந்ததோ 2019 டிசம்பரில். மூன்றாண்டுக்கு மேல் தனி அலுவலர்களின் பொறுப்பில் இருந்தோம்; 2025 ஜனவரி 5இல் பதவிக்காலம் முடிந்தபோது மீண்டும் அதே நிலைக்கு வந்தோம். குறை கண்ட நீதிமன்றத்தை நான் குறை கூறவில்லை. தேர்தலை நிறுத்திவைக்கும் ஆணை எதுவானாலும், அடுத்துத் தேர்தல் நடத்த வேண்டிய நாள் அதில் குறிக்கப்பட்டு, அந்த நாள் தவறாமல் காக்கப்பட வேண்டும் என்பதே என் வேண்டுகோள்.

நாடாளுமன்ற, சட்டமன்றத் தேர்தல் மனுக்களை ஆறு மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்று மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் கூறுகிறது. ஊராட்சித் தேர்தல் மனுக்களையும் அதே காலத்துக்குள் முடிக்குமாறு மாவட்ட நீதிமன்றங்களுக்குத் தாங்கள் சுற்றறிக்கை அனுப்ப வேண்டுகிறேன். மறு எண்ணிக்கை மட்டுமே கோரும் மனுக்களில், முதல் சில வாய்தாக்களுக்குள்ளேயே வாக்குப்பெட்டியைத் திறப்பதா வேண்டாமா என்பதை முடிவு செய்துவிடலாம். எங்கள் ஊரில் அதற்கு ஒரு மேசையும் ஒரு பிற்பகலும் போதுமானதாக இருந்திருக்கும்.

இப்படிக்கு,
பாலக்கோடு வட்டத்து வாக்காளர் ஒருவர்