கையெழுத்துப் போடுவதற்கு முன்

அன்பு மகளுக்கு,

மீன்பிடித் தடைக்காலம். ஜூன் 14 வரை நம் விசைப்படகு பாம்பன் கரையில்தான் நிற்கும். புதுப் படத்துக்கு நீ இசையமைப்பதற்கான ஒப்பந்தத்தை அனுப்பியிருந்தாயே, அதை வரி விடாமல் படித்தேன். புரியாததை ராமநாதபுரத்தில் நமக்குத் தெரிந்த வக்கீலிடம் கேட்டுக்கொண்டேன்.

மொத்தமே ஒன்றரை லட்சம். ஸ்டுடியோ வாடகை, வயலின்காரர் சம்பளம், மிக்ஸிங் எல்லாம் அதற்குள் அடக்கமாம். நம் படகில் டீசலும் ஐஸும் கழித்த பிறகுதானே பங்கு பிரிப்போம்? இங்கே செலவெல்லாம் உன் பங்கிலிருந்தே போகிறது. சின்னப் படம், தயாரிப்பாளரும் கடன் வாங்கித்தான் எடுக்கிறார், சரி. தொகைக்காக மல்லுக்கட்டாதே. வாசிப்பவர்கள் சம்பளத்தை மட்டும் தனியாகப் போடச் சொல். எடிட்டிங் முடிந்த பிறகு காட்சியை மாற்றினால் எத்தனை முறை இசையைத் திருத்தித் தருவாய் என்பதையும் எழுதி வாங்கு. போன படத்தில் உன் தூக்கம் கெட்டது அதில்தான்.

‘ராயல்டி எதுவும் கோரமாட்டேன்’ என்று ஒரு வரி இருக்கிறதே, அதைப் பார்த்து வக்கீல் சிரித்தார். 2012-இல் பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்திய பிறகு அப்படி எழுதி வாங்கினாலும் செல்லாதாம். தியேட்டரில் படத்தோடு ஓடுவதற்கு மட்டும் இது பொருந்தாது. டிவி, ஓடிடி என்று போனால் உரிமையை வாங்கியவருக்குச் சமமான பங்கு உனக்கும் உண்டு. ஆனால் காசு தானாக வீடு தேடி வராது. இசையமைப்பவர்களுக்கும் பாட்டு எழுதுபவர்களுக்கும் ராயல்டி வசூலித்துத் தரும் சங்கமான ஐபிஆர்எஸ்-இல் உறுப்பினராகச் சேர்ந்து, படத்தில் எந்த இசை எத்தனை நிமிடம், எத்தனை விநாடி வருகிறது என்று பட்டியல் கொடுக்க வேண்டும். சேர்ந்துவிட்டாயா? போனில் கேட்டால் பேச்சை மாற்றுகிறாய்.

அப்புறம், வல்லம் என்கிற நாட்டுப்படகு போகிற காட்சிக்கு நீ போட்ட இசை. அம்மாவுக்கு ரொம்பப் பிடித்தது. எனக்குப் புல்லாங்குழல் அதிகமாகத் தெரிந்தது. எடிட்டிங்கில் தற்காலிகமாக வைத்த வேறு படத்து இசை இயக்குநர் காதில் உட்கார்ந்துவிட்டது என்றாயே, அந்தச் சாயல்தானோ? எஞ்சின் ஓடும்போது பக்கத்தில் இருப்பவன் கூப்பிட்டாலே கேட்காது, கைசாடையில்தான் பேசுவோம். நிறுத்தியதும் பலகையில் தண்ணீர் அடிக்கிற சத்தம் தனியாக எழும்பும். அங்கே இசை எதற்கு? சும்மா விட்டுப் பார். வலை இழுக்கும் காட்சிக்கு, வேலை செய்யும்போது நாம் பாடும் அம்பாப் பாட்டு வேண்டுமென்றால் சித்தப்பாவைப் பாடச் சொல்லிப் பதிவுசெய். அவருக்கும் சம்பளம் கொடு, படத்தில் பெயரும் போடு.

திருத்திய ஒப்பந்தம் வந்ததும் எனக்கு அனுப்பு. வியாழக்கிழமை மறுபடி வக்கீலைப் பார்க்கப் போகிறேன்.

அன்புடன்,
அப்பா