செயலாளர் ஆண்டறிக்கை

உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

அனுமதி வாங்காமல் நகரத்து ஏழைக் குடியிருப்புகளில் ஆவணப்படம் எடுப்போருக்கான நடைமுறை விதிகளைத் திருத்துவதிலேயே இவ்வாண்டு பெரும்பாலும் கழிந்தது. பிடிபட்டால் நமக்குக் கேமரா போகும். அடையாளம் தெரிந்துபோனால் படத்தில் பேசியவருக்குக் குடியிருக்கும் இடமே போகலாம். விதிகளை அந்தக் கணக்கில்தான் எழுதியிருக்கிறோம்.

முகம் மறைப்பதில்தான் பிழை அதிகம். கட்டம் கட்டமாகக் கலைத்த முகம் அசையும்போது, ஃபிரேமுக்கு ஃபிரேம் கொஞ்சம் வேறு விவரம் கசியும். அவற்றைச் சேர்த்து முகத்தை ஓரளவு மீட்டுவிடலாம். வெளிச்சத்துக்கு முதுகு காட்டி உட்காரவைத்து எடுத்தாலும் நம்ப முடியாது. இருட்டில் உள்ள விவரத்தையும் சேர்த்துப் பதியும் லாக் முறையில் எடுத்த காட்சியில், இருண்ட பகுதியின் வெளிச்சத்தை ஏற்றினால் மூக்கும் கண்ணும் எழுந்து வந்துவிடும். எடுத்த இடத்திலேயே ஏற்றிப் பார்த்துவிடுங்கள். கைகளை மட்டும் எடுப்பது மேல். அதிலும் பச்சை குத்தியது, வளையல், பின்னால் தெரியும் கதவு எண் காட்டிக்கொடுக்கும். குரலின் சுருதியை மட்டும் மாற்றினால் அதைத் திருப்பி மாற்றிவிடலாம். பேசியதை எழுதி வேறொருவரைப் பேசவைக்க வேண்டும்.

கைபேசியில் எடுப்பவர்கள் முதலில் இருப்பிடப் பதிவை அணைக்கவும். கார்டை வேகமாக ஃபார்மட் செய்தால் பெரும்பாலும் கோப்புப் பட்டியல்தான் போகும், காட்சி அப்படியே கிடக்கும்.

படத்தில் பேசுபவரின் ஒப்புதல் மூன்று முறை: எடுக்கும் முன், எடுத்த மறுநாள், தொகுத்த காட்சியைக் காட்டிய பின். கூட்டத்தில் கேட்டால் எல்லாரும் தலையாட்டுவார்கள், தனியே கேளுங்கள். ஒப்புதல் தாளில் பெயருக்குப் பதில் அடையாள எண் மட்டும், பெயர்ப் பட்டியல் வேறிடத்தில். வெளியான படத்தைத் திரும்ப வாங்க முடியாது என்பதை முதல் நாளே சொல்லிவிட வேண்டும்.

அன்று இழக்கும் கூலியைப் படப்பிடிப்புக்கு முன்பே கொடுத்துவிடுங்கள். பேட்டி முடிந்து தருவதாகச் சொன்னால், கேமரா எதிர்பார்க்கும் அழுகை வந்துவிடும். கொலம்பிய இயக்குநர்கள் லூயிஸ் ஓஸ்பினாவும் கார்லோஸ் மயோலோவும் 1970-களில் ‘வறுமை ஆபாசம்’ என்று கேலி செய்தது இப்படி வறுமையை விற்பதைத்தான். ‘டார்க் டேஸ்’ (2000) ஆவணப்படத்தை எடுத்தபோது, நியூயார்க் சுரங்கத்தில் வாழ்ந்தவர்களே படக்குழுவாகவும் வேலை செய்தார்கள். அது வேறு வழி, நமக்கும் ஒத்துவரும்.

ஒளித்துவைத்த கேமரா பற்றிச் செயற்குழுவில் இன்னும் ஒத்த கருத்து இல்லை. லஞ்சம் கேட்பவர்மீது வைக்கலாம், குடியிருப்பவர்மீது கூடவே கூடாது என்பது என் கருத்து. பொதுக்குழு இன்று வாக்கெடுக்க வேண்டும். வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார்.

செயலாளர்