வெள்ளையா இருந்தாத்தான் ஜவ்வரிசியா?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்ங்க.

சமூக முன்னேற்றத்துல ஆன்மிகத்துக்கும் அறத்துக்கும் என்ன பங்குன்னு போன இதழ்ல வந்த கட்டுரைய ரெண்டு தடவ படிச்சேன். நல்லாத்தான் எழுதியிருக்காங்க, ஆனா முழுக்க அன்பு, கருணை, தியாகம்னே போகுது, அதுக்கெல்லாம் என்ன செலவாகும், அந்தச் செலவு யார் தலையில விழும்னு ஒரு வரி கூட இல்ல. நான் ஆத்தூர் பக்கம் ஒரு சேகோ பேக்டரில, அதாவது ஜவ்வரிசி பேக்டரில, இருபத்திரண்டு வருசம் கணக்கு எழுதினவன், எதைப் பாத்தாலும் வரவு செலவுலதான் புத்தி போகும், தப்பா நினைச்சுக்காதீங்க.

நமக்கு ஜவ்வரிசின்னா பாயசம், வடாம், அவ்வளவுதான். ஆனா சேலத்து லோடு பெரும்பாலும் ஏறிப்போறது மகாராஷ்டிரா, குஜராத், மத்தியப் பிரதேசம்னு வடக்கே. அங்க ஏகாதசி, சிவராத்திரி, நவராத்திரின்னா அரிசி கோதுமை தொடமாட்டாங்க, ஜவ்வரிசி கிச்சடிதான் விரதச் சாப்பாடு. ரெண்டாம் உலகப்போர் சமயத்துல வெளிநாட்டுச் சரக்கு நின்னுபோய், சேலத்துல குச்சிக்கிழங்குல (மரவள்ளிக்கிழங்குதான்) இருந்து எடுத்துப் பாத்து ஆரம்பிச்ச தொழில் இது, 1981ல பேக்டரிக்காரங்க சரக்க டெண்டர்ல வித்துக் குடுக்கற சேகோசர்வ் கூட்டுறவு சொசைட்டி வந்தப்புறம் இன்னும் பெருசாச்சு. அதாவது எங்கயோ ஒரு அம்மா நாள் பூரா பட்டினி கிடந்து சாயங்காலம் சாமி கும்பிட்டுட்டு வாயில வைக்கிற மொத கவளம் நம்ம ஆத்தூர், தலைவாசல், ராசிபுரம் கிழங்கா இருக்கும். பெருமையான விசயம்தான.

இப்ப உள்ள நடக்கறத சொல்றேன். நான் வேலைக்குச் சேந்த காலத்துல கிழங்கு வந்து இறங்குனா இருபது இருபத்தஞ்சு பொம்பளைங்க வட்டமா உக்காந்து தோல் சீவுவாங்க, பேச்சும் சிரிப்புமா மலை மாதிரி குவிச்சுப் போட்டுருவாங்க. தோல் சுத்தமா போயிட்டா அரவைல வர்ற பால் தானா வெள்ளையா இருக்கும். அப்புறம் ஆள் வர்றது குறைஞ்சுது, வந்தவங்க கூலி கூட்டிக் கேட்டாங்க (கேட்டதுல தப்பே இல்ல, அந்தக் கூலிய நோட்டுல எழுதுறப்ப எனக்கே கூச்சமா இருக்கும்). சரின்னு தோலோடவே அரவைக்கு விட்டாங்க, பால் மங்கிப்போச்சு, அந்த மங்கலை எடுக்க தொட்டியில கெமிக்கல் ஊத்துனாங்க. அந்தக் கேன் வாங்குன பணம் என் நோட்டுல "சில்லறைச் செலவு"ன்னு போகும். அப்படி எழுதச் சொன்னது முதலாளி, எழுதினது நான், அதையும் சொல்லிர்றேன்.

எங்க முதலாளி கெட்ட மனுசன் இல்லைங்க. வெள்ளிக்கிழமை விரதம், நெத்தி நிறைய விபூதி, பூர்வீகம் சேலம் குகைங்கறதால ஆடி மாசம் அங்க மாரியம்மன் கோயில் வண்டி வேடிக்கைக்கு நன்கொடைன்னா மொத ஆளா குடுப்பார், சிவன் பார்வதி வேசம் போட்டு லாரி லைட்டோட வர்றப்ப கண்ணுல தண்ணி வெச்சுக்குவார். ஒரு நாள் தைரியமா கேட்டேன், என்னங்க இது விரதம் இருக்கறவங்க சாப்பிடுற சாமானாச்சேன்னு. கோவப்படல. "நான் ஒருத்தன் ஊத்தாம விட்டா என் மூட்டைய எவன்ப்பா வாங்குவான்"னார்.

அது பொய்யும் இல்ல. பக்கத்துலயே இன்னொரு பேக்டரி, அவர் கடைசி வரைக்கும் ஆள் வெச்சு தோல் சீவித்தான் அரைச்சார், ஒரு சொட்டு கெமிக்கல் கிடையாது. களத்துல காயறப்பவே வித்தியாசம் தெரியும், எங்களுது சுண்ணாம்பு மாதிரி இருக்கும் அவருது லேசா பழுப்படிக்கும். 90 கிலோ மூட்டைய புரோக்கர் கைல அள்ளிப் பாத்துட்டு "கலர் இல்லையே"ன்னு வெலைய குறைப்பான், கூலியும் கூட, வெலையும் கம்மி, நாலு வருசம் தாக்குப்புடிச்சார் அப்புறம் பேக்டரிய வித்துட்டு மக வீட்டோட போயிட்டார். அவர் கருப்புச் சட்டைக்காரர்ங்க. சாமியே இல்லைன்னு சொல்றவர். ஏகாதசி விரதக்காரங்களுக்கு சுத்தமான ஜவ்வரிசி அனுப்புனது எங்க ஏரியாவுல அவர்தான்.

அதனாலதான் கடவுள் நம்பிக்கை இல்லாம ஒழுக்கம் நிக்காதுன்னு கட்டுரையில வர்ற வரிய என்னால ஏத்துக்க முடியல. நீதிக்கட்சி 1944ல திராவிடர் கழகம்னு பேர் மாறுனதே இந்தச் சேலத்துலதான், அந்தப் பக்கத்துல இருந்து வந்தவங்களையும் பாத்திருக்கோம் இந்தப் பக்கத்தையும் பாத்திருக்கோம். ஆன்மிகம் வேண்டாம்னும் நான் சொல்ல வரல. வள்ளலார் வடலூர்ல பசிச்சவங்களுக்குச் சோறு போடுற தருமசாலை அடுப்பை 1867லயே பத்த வெச்சுட்டார், கும்பிடுற ஞானசபை வந்தது 1872ல. அந்த வரிசைதான் எனக்குப் புடிக்கும்.

ராஜாஜி விசயத்தையும் கட்டுரையில தொட்டிருந்தா நல்லா இருந்திருக்கும். அவர் சேலத்துல வக்கீல், முனிசிபாலிட்டி சேர்மனா இருந்தவர், திருச்செங்கோடு பக்கம் புதுப்பாளையத்துல 1925ல காந்தி ஆசிரமம் ஆரம்பிச்சவர், சென்னை மாகாணத்துப் பிரதமரானதும் (இப்ப முதலமைச்சர்ங்கறோமே, அதான்) 1937 அக்டோபர் 1ல மதுவிலக்க மொதல்ல நம்ம சேலம் ஜில்லாவுலதான் கொண்டுவந்தார். மதுவிலக்கு சரியா தப்பாங்கறது வேற சண்டை, 1971ல தளர்த்தி, 2003ல இருந்து சில்லறைக் கடையையே அரசாங்கம் நடத்துற கதை எல்லாருக்கும் தெரியும். எனக்குக் கணக்குப்பிள்ளையா புடிச்சது வேற ஒண்ணு. குடி பாவம்னு சொல்லிட்டுச் சும்மா உக்காரல மனுசன், சாராயக் காசு போனா கஜானா ஓட்டையை எதை வெச்சு அடைக்கறதுன்னு யோசிச்சு 1939ல விற்பனை வரி போட்டார். வியாபாரிங்க திட்டினாங்க, இருந்தாலும் நல்லது பண்ற நஷ்டத்த ஊரே கொஞ்சம் கொஞ்சமா பிரிச்சு எடுத்துக்கற மாதிரி ஆச்சு. எங்க பக்கத்து பேக்டரிக்காரருக்கு அப்படி ஒரு ஏற்பாடு இல்ல, முழு நஷ்டமும் அவர் ஒருத்தர் தலையில.

அதிகாரிங்க அப்பப்ப வந்து சாம்பிள் எடுக்கறாங்க, சீல் வெக்கிறாங்க, பேப்பர்ல படம் வருது, அதுவும் வேணும்தான். ஆனா புரோக்கர் கலர் பாத்து வெலை போடுறது நிக்காத வரைக்கும் சாம்பிள் எடுத்து என்ன ஆகப்போகுது. அந்தப் புரோக்கரையும் திட்ட முடியல, கடைக்காரன் வெள்ளையா கேக்கறான், கடைக்காரன்கிட்ட வெள்ளையா கேக்கறது நாமதான். தோல் சீவி எடுத்ததுன்னு தனியா ஒரு கிரேடு போட்டு, டெண்டர்ல அதுக்குக் கூட ஒரு வெலை நிர்ணயம் பண்ணா சீவுற பொம்பளைங்களுக்கும் கூலி வரும், தொட்டித் தண்ணி பக்கத்துக் காட்டுக் கிணத்துல இறங்கறதும் கொஞ்சம் குறையும். இதப் பத்தி விவரம் தெரிஞ்சவங்கள வெச்சு ஒரு கட்டுரை போடுங்க ஐயா.

போன ஆடிப் பதினெட்டுக்கு பாயசம் வெக்கலாம்னு, தெரிஞ்ச ஒருத்தர்கிட்ட சொல்லி வெச்சு தோல் சீவி எடுத்த ஜவ்வரிசி ரெண்டு கிலோ வாங்கிட்டு வந்தேன். ஊறப்போட கவரைப் பிரிச்ச மருமக கைல அள்ளிப் பாத்துட்டு, "மாமா, இது பழைய சரக்குங்களா, கடையில குடுத்து மாத்திட்டு வரட்டுங்களா"ன்னு கேக்குது.

இப்படிக்கு,
ஒரு ரிட்டையர்டு கணக்குப்பிள்ளை,
ஆத்தூர், சேலம் மாவட்டம்.