மாதிரி சிறுத்தால் முடிவு பொய்க்கும்

ஆசிரியருக்கு,

ஆய்வுக் கட்டுரைகளின் எண்ணிக்கையில் சீனா, அமெரிக்காவுக்கு அடுத்து இந்தியா மூன்றாம் இடம் என்று அவ்வப்போது செய்தி வருகிறது. கணக்கு சரிதான். அதே இந்தியா 2020-21இல் ஆய்வுக்குச் செலவிட்டது மொத்த உள்நாட்டு உற்பத்தியில் 0.64 சதவீதம். சீனா அப்போது 2.4 சதவீதம்; தென்கொரியா 5-ஐ ஒட்டி. கொஞ்சக் காசில் இத்தனை கட்டுரையா என்று மெச்சுவோர் உண்டு. புள்ளியியல் தெரிந்தவர்களுக்கோ வயிற்றைக் கலக்கும்.

காரணம் மாதிரி அளவு, அதாவது சோதனையில் எத்தனை பேர் என்பது. ஒரு மருந்து நடுத்தரமான பலன் தருகிறது, அதாவது இரு குழுக்களின் சராசரிகளுக்கு இடையே அரைத் திட்டவிலக்கம் (ஆளுக்கு ஆள் அளவு எவ்வளவு சிதறுகிறது என்பதைக் காட்டும் எண்ணில் பாதி) வேறுபாடு இருக்கிறது என்று வையுங்கள். அந்தப் பலன் 80 சதவீத வாய்ப்போடு கண்ணில் பட, குழுவுக்கு 64 பேர், ஆக 128 பேர் வேண்டும். பணம் போதாமல் குழுவுக்கு 20 பேரோடு நிறுத்தினால் வாய்ப்பு 34 சதவீதத்துக்கு இறங்கிவிடும்.

இனி 1,000 கருதுகோள்களைச் சோதிக்கிறார்கள், அவற்றில் உண்மையானவை 100 என்போம். பலன் இல்லாதபோதும் இருப்பதாகக் காட்ட 5 சதவீதம் வரை வாய்ப்பை அனுமதிப்பது வழக்கமான வரம்பு. அதன்படி, பொய்யான 900-இல் 45 தற்செயலாகத் தேறிவிடும். பெரிய மாதிரியில் உண்மையானவை 80 தேறும். மொத்தம் தேறிய 125-இல் 45 தவறு. சிறிய மாதிரியில் தேறுவது 34தான். 79-இல் 45 தவறு. பாதிக்கு மேல்! இத்தனைக்கும் இதில் யாரும் மோசடி செய்யவில்லை. அந்த 34-உம் பலனை ஊதிக் காட்டும். 20 பேரை வைத்து வரம்பைத் தாண்ட வேண்டுமானால், வேறுபாடு உள்ளதைவிடப் பெரிதாக வந்து விழுந்திருக்க வேண்டுமே.

பணமுள்ள நாடுகளும் தப்பவில்லை. புற்றுநோய் உயிரியலில் 53 முக்கியக் கட்டுரைகளின் 193 சோதனைகளைத் திரும்பச் செய்து பார்க்க அமெரிக்காவில் ஒரு திட்டம் தொடங்கினார்கள். 2021-இல் முடிவு வெளியானபோது, செய்ய முடிந்திருந்தது 50. கட்டுரையாளரைக் கேட்காமல் செய்துபார்க்கும் அளவுக்குச் செய்முறை எழுதப்பட்ட சோதனை ஒன்றுகூட இல்லை. மறுசோதனையில் கிடைத்த பலனோ, இடைநிலைக் கணக்கில் (வரிசைப்படுத்தினால் நடுவில் வரும் மதிப்பில்) 85 சதவீதம் சிறியது.

மோசடி தனிக் கதை. 2023-இல் உலகெங்கும் 10,000-க்கு மேற்பட்ட கட்டுரைகள் திரும்பப் பெறப்பட்டன. 8,000-க்கு மேல் ஹிந்தாவி என்ற ஒரே பதிப்பகத்தின் இதழ்களில் வந்தவை. திரும்பப் பெற்ற கட்டுரைக்கு மதிப்பெண் குறைக்க, கல்வி நிறுவனங்களுக்கான தேசியத் தரவரிசையான என்.ஐ.ஆர்.எஃப். 2025-இல் முன்வந்தது நல்லதே. ஆனால் 20 பேர் சோதனையை யாரும் திரும்பப் பெறுவதில்லை. அது மேற்கோளாகி வாழ்ந்துகொண்டே இருக்கும்.

ஆகவே நிதி தரும் அமைப்புகள் விண்ணப்பத்திலேயே மாதிரி அளவுக் கணக்கைக் கேட்கட்டும். மூன்று கல்லூரிகளுக்குப் பிய்த்துக் கொடுக்கும் தொகையை, மூன்றும் ஒரே செய்முறையில் சேர்ந்து நடத்தும் ஒரு சோதனைக்குத் தரலாம். மறுசோதனைக்கென்று தனித் தலைப்பில் ஒதுக்கீடும் வேண்டும்.

தங்கள் நாளிதழுக்கும் ஒன்று. “புதிய ஆய்வில் தகவல்” என்று போடும்போது எத்தனை பேரிடம் சோதித்தார்கள் என்ற எண்ணையும் போடுங்கள். சில தவறுகளைச் செய்திமேசையிலேயே பிடிக்கலாம். 25 பேர் 1 முதல் 5 வரை முழு எண்ணில் மதிப்பெண் தந்தார்கள், சராசரி 3.47 என்று ஒரு கட்டுரை சொன்னால், கால்குலேட்டரை எடுங்கள்: 86-ஐ 25-ஆல் வகுத்தால் 3.44, 87-ஐ வகுத்தால் 3.48. நடுவில் 3.47 வர வழியே இல்லை.

இப்படிக்கு,
புள்ளியியல் ஆசிரியர், திருச்சி