திரைப்பட வட்டம்: செயலாளர் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும் பொதுக்குழு உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

கடந்த ஆண்டில் செயற்குழு ஆறு முறை கூடியது. பொங்கல் ஒன்றுகூடலும் சிறுவர் திரையிடலும் வழக்கம்போல் நடந்தேறின.

லாய் மான்-வாய் பற்றிய மூன்று மாத நிகழ்ச்சியைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். "நம் கலைஞர்கள் இத்தனை பேர் இருக்க, ஒரு சீனர் எதற்கு?" என்று சிலர் கேட்டார்கள். ஹாங்காங்குக்குப் பிழைக்க வந்தோம்; பிள்ளைகளையும் இங்கேயே வளர்க்கிறோம். இந்த ஊர் சினிமாவின் தந்தை என்று போற்றப்படுபவரை அறியாமல் இருப்பது நமக்கு அழகல்ல என்று அன்றும் சொன்னேன், இன்றும் சொல்கிறேன்.

1893-இல் யோகோஹாமாவில் பிறந்தவர். பழங்காலச் சீன ஞானி சுவாங்சி தன் மனைவியைச் சோதிக்கும் கதையைக் குறும்படமாக எடுத்தபோது மனைவி வேடம் கட்டியவர் இவரே. பணிப்பெண்ணாக வந்தவர் இவருடைய மனைவி யிம் சான்-சான். சீனத் திரையின் முதல் நடிகையாக அவரைச் சொல்வார்கள். நடிப்போடு நின்றிருந்தால் ஒரு மாலையில் பேசி முடித்திருப்பேன். 1923-இல் சகோதரர்களோடு மின்சின் நிறுவனத்தைத் தொடங்கினார். ஹாங்காங்கில் ஸ்டுடியோ கட்டக் காலனி அரசின் அனுமதி கிடைக்காமல், குவாங்சோவில் கட்டினார். சீனப் புரட்சித் தலைவர் சுன் யாட்-சென்னையும், பெய்ஜிங்கில் புகழ்பெற்ற இசைநாடக நடிகர் மெய் லான்ஃபாங்கின் நாடகக் காட்சிகளையும் படம்பிடித்தார். 1925-இல் மின்சின் எடுத்த, ஹாங்காங்கின் முதல் முழுநீளக் கதைப்படம் வெளியானது. அந்த ஆண்டே பெரும் வேலைநிறுத்தம் வந்து தொழில் முடங்கியது. மனம் தளராமல் ஷாங்காய் சென்றார். 1930-இல் உருவான லியான்ஹுவா நிறுவனத்தில் முதல் ஸ்டுடியோவின் நிர்வாகம் அவர் கையில் இருந்தது.

நிறைவு நாளில் லியான்ஹுவாவின் 'தெய்வப் பெண்' (1934) திரையிட்டோம். மௌனப் படம். எழுத்து அட்டைகள் அனைத்தையும் தமிழாக்கி நானே உரக்க வாசித்தேன். பள்ளி மேடையில் சிறுவன் பாடுகிறான். அவனை வளர்க்க உடலை விற்கும் தாயாக நடிக்கும் ருவான் லிங்யூ பூரிப்போடு பார்த்திருக்க, மற்ற தாய்மார்கள் காதோடு காது கிசுகிசுக்கிறார்கள். அந்த இடத்தில் முன்வரிசையில் இருந்த ஓர் அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அந்தச் சிறுவன் லாய் மான்-வாயின் மகன் லாய் ஹாங்.

அன்று வந்தவர்கள் பதினொரு பேர். வருவதாகச் சொன்னவர்கள் நாற்பத்து மூன்று பேர். மீந்த சுண்டலைப் பாத்திரத்தோடு வீட்டுக்குச் சுமந்து போனேன். மண்டப வாடகையோ நாற்காலிக் கணக்கில் குறையாது. உறுப்பினர்களில் பாதிக்கு மேற்பட்டோர் இன்னும் சந்தா செலுத்தவில்லை. சிலருக்கு இது இரண்டாம் ஆண்டு. மூன்று முறை நினைவூட்டியும் பதில் இல்லை என்பதை வருத்தத்துடன் பதிவு செய்கிறேன்.

வரவும் செலவும் ஏறக்குறைய சமமாக உள்ளன. சிறு பற்றாக்குறையைச் செயற்குழுவினர் சிலர் ஏற்றுக்கொண்டனர். விவரங்களைப் பொருளாளர் தாக்கல் செய்வார். தலைவர், பொருளாளர், ஒலிபெருக்கி உதவிய அன்பர், சுண்டல் செய்து தந்த சகோதரிகள் அனைவருக்கும் நன்றி.

அடுத்த ஆண்டு சாய் வான் ஹோ திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குக் குடும்பங்களோடு செல்லும் எண்ணம் உள்ளது. அதைத் தனி ஒருவராக என்னால் நடத்த இயலாது. பொறுப்பேற்க இருவர் முன்வந்தால் இப்பதவியில் தொடர்வேன். சந்தா உறைகள் வாசல் மேசையில் இருக்கின்றன.

தங்கள் உண்மையுள்ள,
செயலாளர்